கடைசி ஒன்றரை ஃப்ரேம்

ஆடி மாதம் கல்யாண வீடியோக்காரனுக்குப் பள்ளி விடுமுறை மாதிரி. முகூர்த்தம் கிடையாது. ஆனியில் எடுத்ததில் பாக்கி இருக்கும் எடிட்டை முடித்துக் கொடுத்துவிட்டால், அப்புறம் லென்ஸ் துடைப்பதும் பேட்டரிகளை சார்ஜ் போட்டு எடுப்பதும்தான் வேலை. அப்படி ஒரு ஆடி ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சாப்பிட்டுவிட்டு 'வாயேஜ் ஆஃப் டைம்' படத்தைப் போட்டுவிட்டு உட்கார்ந்தேன். டெரன்ஸ் மாலிக் 2016-ல் எடுத்தது. பிரபஞ்சம் தோன்றியதில் ஆரம்பித்து, பூமி உருவாகி, உயிர் வந்து, மனிதன் வந்து நிற்பதுவரை சொல்லும் ஆவணப்படம். கதை கிடையாது, பேட்டி கொடுக்கும் விஞ்ஞானி கிடையாது, அம்புக்குறி போட்ட வரைபடம் கிடையாது. படமும் இசையும், நடுநடுவே ஒரு குரலும்தான்.

அம்மா பக்கத்தில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தாள். எரிமலைக் குழம்பு வழிந்து கடலில் விழுந்தது. ஆவி எழுந்தது. ஏதோ புகை மாதிரி ஒன்று இருட்டில் சுருண்டு விரிந்தது. குரல் கொடுத்தவர் கேட் பிளான்செட். அவர் படம் முழுக்க 'மதர்' என்று யாரையோ கூப்பிட்டுக்கொண்டே இருப்பார். அம்மாவுக்குப் புரிந்த ஒரே ஆங்கிலச் சொல் அதுதான். "யாரைடா கூப்பிடுறா இவ?" என்றாள்.

"இயற்கையைம்மா. பூமியை."

"இது எப்ப நடந்தது?"

"400 கோடி வருஷத்துக்கு முன்னாடி."

பூண்டைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "அப்ப அங்க நின்னு கேமரா புடிச்சது யாரு?"

பாப்பா சிரித்துவிட்டாள். பாப்பா என்பது அக்கா மகள், ஏழாம் வகுப்பு, லீவுக்கு வந்திருந்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. 15 வருடமாகக் கேமரா பிடிக்கிறவன் நான். அந்தக் கேள்விக்கு என்னிடம் நேரான பதில் இல்லை.

இந்தப் படத்துக்கே ஒரு நீண்ட பூர்வகதை உண்டு. 1978-ல் 'டேஸ் ஆஃப் ஹெவன்' வெளியான கையோடு மாலிக் உயிரின் தோற்றத்தைப் பற்றி ஒரு படம் எடுக்கக் கிளம்பினார். அதற்கு 'க்யூ' என்று ஒற்றை எழுத்தில் பெயர். உலகத்தின் பல மூலைகளுக்கும் ஒளிப்பதிவாளர்களை அனுப்பி எரிமலையும் கடலும் எடுக்க வைத்தார். படம் நின்றுபோனது. மனிதர் பாரிஸ் பக்கம் போய்விட்டார். அடுத்த படம் வர 20 வருடம் ஆனது, அது 1998-ல் வந்த 'தி தின் ரெட் லைன்'. நின்றுபோன கனவின் ஒரு துண்டு 2011-ல் 'தி ட்ரீ ஆஃப் லைஃப்' படத்தின் நடுவில் தலைகாட்டியது. ஒரு குடும்பக் கதையை நிறுத்திவிட்டுப் பிரபஞ்சம் பிறப்பதைக் காட்டுவார். தியேட்டரில் பாதிப் பேர் எழுந்து போகலாமா என்று யோசிக்கும் இடம் அது. கான் திரைப்பட விழாவில் அந்தப் படத்துக்குத்தான் முதல் பரிசான தங்கப் பனை கிடைத்தது. அதற்கும் 5 வருடம் கழித்து, மொத்தக் கனவும் 'வாயேஜ் ஆஃப் டைம்' என்று இரண்டு வடிவங்களில் வெளிவந்தது. ஐமேக்ஸ் திரைக்கு 45 நிமிடம், குரல் பிராட் பிட். சாதாரணத் திரைக்கு ஒன்றரை மணி நேரம், குரல் பிளான்செட். ஒரே ஆல்பத்தைப் பெண் வீட்டுக்கு ஒன்று, மாப்பிள்ளை வீட்டுக்கு ஒன்று என்று இரண்டாகப் போட்டுக் கொடுப்போமே, அது மாதிரி.

ஹார்வர்டில் இருக்கும் ஆண்ட்ரூ நோல் என்ற தொல்லுயிரியலாளர் அறிவியல் ஆலோசகர். பழைய பாறைகளுக்குள் நுண்ணுயிர்களின் தடயம் தேடுவதையே வாழ்நாள் வேலையாக வைத்திருப்பவர். ஆக, மனம்போனபடி எடுத்த படம் என்று ஒதுக்க முடியாது. ஆனாலும் அம்மாவின் கேள்வி அப்படியே நிற்கிறது.

தொழிலுக்கு வந்த புதிதில் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். திருச்சிப் பக்கம் ஒரு மண்டபம். கெட்டி மேளம் முழங்குகிறது. மணமேடையைச் சுற்றி நின்ற அத்தனை பேரும் போனைத் தூக்கினார்கள். என் முன்னால் ஒரு பட்டுப்புடவை முதுகு. இடது பக்கம் நகர்ந்தால் இன்னொரு முதுகு. சரி, எதிரே இரண்டாவது கேமராவில் தம்பி எடுத்துக்கொண்டிருக்கிறான் என்று தைரியமாக இருந்தேன். ராத்திரி வீட்டுக்கு வந்து பார்த்தால், அவன் கேமராவில் கார்டு நிரம்பி மேளம் தொடங்குவதற்குக் கொஞ்சம் முன்னாலேயே ரெக்கார்டிங் நின்றிருக்கிறது. அவன் கவனிக்கவில்லை. நானும் கார்டை மாற்றச் சொல்லவில்லை. தாலி கட்டும் ஷாட் இல்லை. கல்யாண வீடியோவில் தாலி கட்டுவது இல்லை!

இரண்டு நாள் தூங்கவில்லை. அப்புறம் இருப்பதை வைத்து ஒட்டினேன். மேளச் சத்தம் என் கேமராவில் சுத்தமாக இருந்தது. அட்சதை பறப்பது இருந்தது. பெண்ணின் அம்மா கண்ணைத் துடைப்பது இருந்தது. மூன்றாம் முடிச்சுக்கு நாத்தனார் கை நீள்வது முதுகுகளுக்கு நடுவில் கொஞ்சம் தெரிந்தது. பிறகு, கழுத்தில் புது மஞ்சள் கயிறோடு பெண் நிமிர்ந்து பார்க்கும் ஷாட். எல்லாவற்றையும் அடுக்கினால் 40 விநாடி வந்தது. ஒரு மாதம் கழித்துப் பெண்ணின் அப்பா போன் செய்தார். "தம்பி, தாலி கட்டுற இடம் பிரமாதமா எடுத்திருக்கீங்க."

அம்மாவுக்கு இதைச் சொன்னேன். உயிர் தோன்றியதும் அப்படித்தான். கழுத்தில் மஞ்சள் கயிறு இருக்கிறது. கட்டியிருக்கிறார்கள் என்பதில் சந்தேகம் இல்லை. கட்டிய நேரத்து ஷாட் மட்டும் யாரிடமும் கிடையாது. பாக்டீரியா, வேப்பமரம், வெள்ளாடு, நீ, நான், எல்லோருக்கும் உடம்புக்குள் எழுதியிருக்கும் மரபு எழுத்துமுறை ஏறக்குறைய ஒன்றேதான். அதுதான் அந்தக் கயிறு.

"அப்ப நீ அந்தக் கல்யாணத்துல ஏமாத்திட்ட" என்றாள் அம்மா. என் உவமையில் அவளுக்குப் பிடித்த பகுதி அதுதான்.

அந்தச் சுருளும் புகைக்கு வருகிறேன். கம்ப்யூட்டர் வேலை என்றுதான் முதலில் நினைத்தேன். கொஞ்சம் அதுவும் உண்டு. ஆனால் இந்த வரிசைக் காட்சிகளுக்கு விதை போட்டவர் டக்ளஸ் ட்ரம்புல். 1968-ல் '2001: எ ஸ்பேஸ் ஒடிஸி' படத்தின் கடைசியில் ஒளி வெள்ளமாகப் பாயுமே, அதைச் செய்தவர். 'தி ட்ரீ ஆஃப் லைஃப்' படத்துக்காக மாலிக் அவரைத் தேடிப் பிடித்தார். கம்ப்யூட்டரில் செய்தால் எல்லாம் சொன்னபடி கேட்கும், சொன்னபடி கேட்காத ஏதோ ஒன்று வேண்டும் என்பது எண்ணம். தொட்டியில் தண்ணீர், பெயிண்ட், சாயம், புகை, ரசாயனம் என்று ஒரு சோதனைக்கூடமே வைத்து எடுத்தார்கள். அதில் ஒன்று, புனல் வழியாகப் பாலை ஒரு குறுகலான தொட்டிக்குள் ஊற்றி, அதிவேகக் கேமராவில் எடுத்தது. பால்! அதுதான் திரையில் பிரபஞ்சம்.

பாற்கடலைக் கடைந்த ஊர்க்காரர்களுக்கு இதில் பெரிய ஆச்சரியம் இருக்கக் கூடாது. எனக்கு இருந்தது. உடனே செய்து பார்க்கத் தோன்றியது.

மாடியில் பழைய மீன்தொட்டி ஒன்று காலியாகக் கிடந்தது, இரண்டடி நீளம். பாப்பாவும் நானும் இறக்கிக் கழுவினோம். ட்ரம்புல் 1977-ல் 'க்ளோஸ் என்கவுன்ட்டர்ஸ்' படத்துக்கு மேகம் எடுத்த வழி எனக்குத் தெரியும். தொட்டியில் கீழ்ப்பாதி உப்புத் தண்ணீர், மேல்பாதி நல்ல தண்ணீர். உப்புத் தண்ணீர் கனம், அதனால் கீழேயே கிடக்கும். மேலிருந்து வெள்ளைப் பெயிண்டைச் செலுத்தினால் இரண்டும் சந்திக்கும் இடத்தில் தட்டையாக விரிந்து மேகம் மாதிரி நிற்கும்.

முதல் முயற்சியில் நல்ல தண்ணீரை வாளியோடு கவிழ்த்தேன். இரண்டும் கலந்துபோய்விட்டது. ஒரு கிலோ உப்பு வீண். இரண்டாவது முறை பாப்பா ஒரு யோசனை சொன்னாள். உப்புத் தண்ணீரின்மேல் ஒரு பிளாஸ்டிக் தட்டை மிதக்கவிட்டு, குவளையால் அதன்மேல் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றினோம். தட்டு உயர்ந்துகொண்டே வந்தது. அரை மணி நேரம் ஆனது. கண்ணாடியோடு கண் வைத்துப் பார்த்தால் நடுவில் ஒரு மெல்லிய நெளிவு தெரிந்தது, வெயிலில் தார் ரோட்டுக்கு மேலே தெரியுமே, அப்படி. பின்னால் கறுப்புத் துணி. பக்கத்திலிருந்து ஒரு எல்இடி விளக்கு. போனில் விநாடிக்கு 240 ஃப்ரேம், அதாவது 240 தனித்தனிப் படம், வைத்தோம். ஆட்டோ ஃபோகஸ் கண்ணாடியில் ஒட்டியிருந்த காற்றுக் குமிழிகளையே பிடித்துக்கொண்டிருந்தது, அதை நிறுத்த ஐந்து நிமிடம். அப்புறம், ஊசியில்லாத சிரிஞ்சால் பால்.

பால் நல்ல தண்ணீரைவிடக் கொஞ்சம் கனம். அதனால் நூல் நூலாக இறங்கியது. ஒவ்வொரு நூலின் நுனியும் காளான் குடை மாதிரி விரிந்து, அந்தக் குடையின் விளிம்பிலிருந்து இன்னும் சின்னச் சின்ன நூல்கள். நல்ல உப்புத் தண்ணீர் பாலைவிடக் கனம். அதனால் நடுவில் வந்து முட்டியதும் நின்றது. நின்று, பக்கவாட்டில் பரவ ஆரம்பித்தது. அவசரமே இல்லாமல். விளக்கு பட்ட பக்கம் வெள்ளையாகவும் மறுபக்கம் சாம்பல் நீலமாகவும் இருந்தது. நாங்கள் இருவரும் மூச்சுவிடாமல் பார்த்தோம். போனில் அதைத் திருப்பிப் போட்டால், இரண்டடித் தொட்டி எங்கே போனது என்றே தெரியவில்லை. பார்த்தவர்கள் எந்த டெலஸ்கோப் என்று கேட்பார்கள்.

காரணம் எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். சின்னது வேகமாக அசையும், பெரியது மெதுவாக அசையும். டம்ளரில் எழும் அலை ஒரு நொடியில் அடங்கும், கடல் அலைக்கு நேரம் பிடிக்கும். கண் இதைப் பழக்கத்தில் கற்று வைத்திருக்கிறது. எனவே சின்னதை ஸ்லோ மோஷனில் காட்டினால் அது பெரியது என்று கண் நம்பிவிடும். அட்சதை 120 ஃப்ரேமில் விழுந்தால் தேவலோகத்துப் பூமாரியாகத் தெரிவதும் இதனால்தான்.

அம்மா எட்டிப் பார்த்தாள். "பால் விக்கிற விலையில..." என்று ஆரம்பித்து, தொட்டியைப் பார்த்ததும் பாதியில் நிறுத்திவிட்டாள். கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள். பிறகு மீதியைச் சொல்லி முடித்தாள்.

கண்ணாடிப் பாத்திரத்துக்குள் ஆதியை நடித்துக் காட்டுவது சினிமாக்காரர்கள் மட்டும் செய்ததல்ல. 1952-ல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்லர் என்ற மாணவர், இரண்டு கண்ணாடிக் குடுவைகளைக் குழாயால் இணைத்து மூடினார். ஒன்றில் தண்ணீர், அதுதான் கடல். இன்னொன்றில் மீத்தேன், அம்மோனியா, ஹைட்ரஜன், அதுதான் அன்றைய காற்று. அந்தக் காற்றுக்குள் மின்பொறி, அதுதான் மின்னல். தண்ணீரைக் கொதிக்கவிட்டுச் சுற்றவிட்டார். ஒரு நாளில் தண்ணீர் இளஞ்சிவப்பானது. ஒரு வாரத்தில் கலங்கிச் சிவந்தது. சோதித்துப் பார்த்தால் அமினோ அமிலங்கள், அதாவது புரதத்தின் செங்கற்கள். உயிர் வரவில்லை. ஆனால் உயிருக்கு வேண்டிய சாமான் தானாகவே சேரும் என்று தெரிந்தது. வழிகாட்டியாக இருந்த ஹரால்டு யூரி நோபல் பரிசு வாங்கியவர். கட்டுரையில் தன் பெயரைப் போடவேண்டாம் என்று விட்டுக்கொடுத்தார், பையனுக்குப் பெயர் கிடைக்கட்டும் என்று. நம் ஊர் ஆய்வு மாணவர்களிடம் இதைச் சொன்னால் நம்ப மாட்டார்கள்.

அந்தக் காற்றுக் கலவை சரியில்லை, ஆதிப் பூமியின் காற்று வேறு மாதிரி இருந்திருக்கும் என்று பிற்பாடு பலர் சொன்னார்கள். 1977-ல் காலபகோஸ் தீவுகள் பக்கத்தில் ஆழ்கடலில் வெந்நீர் ஊற்றுகளைக் கண்டுபிடித்தபிறகு, மின்னலை விட்டுவிட்டுக் கடலடியைப் பார்க்கத் தொடங்கியவர்களும் உண்டு. இருந்தாலும் மில்லரின் கதைக்கு எனக்குப் பிடித்த ஒரு வால் இருக்கிறது. அவர் 2007-ல் இறந்தார். அவருடைய பழைய சோதனைகளின் மிச்சம் சின்னச் சின்னக் குப்பிகளில், அட்டைப் பெட்டிக்குள் அப்படியே இருந்தது. மறு வருடம் அவருடைய மாணவர் ஜெஃப்ரி பாடாவும் மற்றவர்களும் அதில் ஒரு பங்கை எடுத்து இன்றைய கருவிகளில் சோதித்தார்கள். எரிமலை ஆவி மாதிரி அமைத்த ஒரு சோதனையின் குப்பிகளில் 22 அமினோ அமிலங்கள் இருந்தன. பழைய ஹார்டு டிஸ்க்கைத் தூக்கி எறியாதே என்று தம்பியிடம் சொல்லும்போதெல்லாம் இந்தக் கதையைச் சொல்கிறேன்.

சரி, இந்த மாதிரிப் படங்களுக்கு இன்னொரு வழியும் இருக்கிறது. க்ளோட் நூரிட்சானி, மரீ பெரெனூ என்ற பிரெஞ்சுத் தம்பதி 2004-ல் 'ஜெனெசிஸ்' என்று ஒன்று எடுத்தார்கள். 1996-ல் பூச்சிகளை வைத்து 'மைக்ரோகாஸ்மோஸ்' எடுத்த அதே உயிரியல்காரர்கள். இதிலும் பிரபஞ்சத் தோற்றம் முதல் எல்லாம் உண்டு. ஆனால் கதையைச் சொல்ல ஒரு ஆப்பிரிக்கப் பெரியவர் வருகிறார். சோட்டிகுயி குயாத்தே. மேற்கு ஆப்பிரிக்காவில் வம்சக் கதைகளைத் தலைமுறை தலைமுறையாக மனப்பாடமாகக் காத்துப் பாடும் கிரியோ குடும்பத்தில் பிறந்தவர், நம் பாணர்கள் மாதிரி. பீட்டர் புரூக் என்ற ஆங்கில நாடக இயக்குநரின் மகாபாரதத்தில் பீஷ்மராக நடித்தவரும் இவர்தான். அவர் சொல்லச் சொல்ல, திரையில் கடல்குதிரையும் தவளையும் பாம்பும் வரும். எல்லாம் இன்று உயிரோடு இருப்பவை. இன்று இருப்பதை வைத்தே அன்று இருந்ததைச் சொல்வது.

மறுநாள் அதையும் போட்டேன். அம்மா கடைசிவரை பார்த்தாள், மொழி தெரியாமலே. யார் கேமரா பிடித்தது என்ற கேள்வியே வரவில்லை. ஒரு பெரியவர் உட்கார்ந்து கதை சொல்கிறார், அவ்வளவுதான். ராமர் பிறந்தபோது நீ எங்கே நின்றாய் என்று எந்தக் கதாகாலட்சேபக்காரரையும் அவள் கேட்டதில்லை.

உயிரோடு இருக்கும் மிச்சத்தை வைத்துச் சொல்வதில் எனக்கு மிகவும் பிடித்தது ஸ்ட்ரோமடோலைட். மேற்கு ஆஸ்திரேலியாவில் ஷார்க் பே என்ற விரிகுடாவில் ஹேமலின் பூல் என்று ஒரு ஆழமில்லாத நீர்ப்பரப்பு. கரையோரமாக, தண்ணீருக்குள் கறுப்புக் கறுப்பாக, நம் ஊர்க் கொல்லையில் குவித்து வைத்த வறட்டி மாதிரி மேடுகள். பார்த்தால் பாறை. மேல்தோல் மட்டும் உயிர். சயனோபாக்டீரியா என்ற நுண்ணுயிர்கள் பிசுபிசுப்பான பாயாகப் படர்ந்து, மண்துகளைப் பிடித்து ஒட்டி, அது மூடியதும் அதற்கு மேலே ஏறி, மறுபடி ஒட்டி, இப்படியே கல்லாக வளர்கின்றன. அங்கே தண்ணீரில் உப்பு, கடலைப்போல இரண்டு மடங்கு. அதனால் மேயவரும் நத்தைகள் பிழைக்காது. மற்ற பெரும்பாலான இடங்களில் நத்தைகள் இந்தப் பாய்களைத் தின்று தீர்த்துவிட்டன, இங்கே தப்பித்துக் கிடக்கின்றன.

வளரும் வேகம் வருடத்துக்கு அதிகபட்சம் 0.3 மில்லிமீட்டர். பல பத்தாண்டுகளுக்கு முன்னால் கம்பளி மூட்டை ஏற்றிய ஒட்டக வண்டிகள் அந்தப் பாய்களின்மேல் போன சக்கரத் தடம் இன்னும் அழியவில்லையாம். அதே மாநிலத்தில் பில்பரா என்ற வறண்ட பகுதியில், சுமார் 348 கோடி வருடத்துக்கு முந்தைய பாறைகளில் இதே மாதிரியான அடுக்குகள் கல்லாகிக் கிடக்கின்றன. காற்றில் ஆக்சிஜன் என்று ஒன்று சேர்ந்ததே இவற்றின் குடும்பத்தார் விட்ட மூச்சால்தான், அதுவும் சுமார் 240 கோடி வருடத்துக்கு முன்புதான். டைனோசர் பொம்மை விற்கிறது. இந்த வறட்டிக்குப் பொம்மை கிடையாது.

டைனோசர் என்றதும் மாலிக்மேல் எனக்கு இருக்கும் ஒரு மனத்தாங்கலைச் சொல்லிவிடுகிறேன். 'தி ட்ரீ ஆஃப் லைஃப்' படத்தில் ஒரு வேட்டை டைனோசர், ஆற்றங்கரையில் படுத்துக்கிடக்கும் இன்னொன்றின் தலைமேல் கால் வைக்கும். அழுத்தும். பிறகு காலை எடுத்துவிட்டுப் போய்விடும். கருணை பிறந்த இடம் என்று எழுதியவர்கள் எல்லாம் உண்டு. எனக்கு அது மண்டபத்தில் மாப்பிள்ளையைப் பார்த்து "கொஞ்சம் சிரிங்க சார்" என்று சொல்லி எடுத்த ஷாட் மாதிரி இருந்தது. பாலுக்கு யாரும் நடிப்புச் சொல்லித்தர முடியாது, அதனால் அதை நம்பினேன்.

இப்படி ஒரு வாரமாக எது அசல் ஷாட், எது செட்டப் ஷாட் என்றே மண்டையைப் போட்டு உடைத்துக்கொண்டிருந்தேன். வெள்ளிக்கிழமை ராத்திரி ஒரு கல்யாண டீசர் வெட்டிக்கொண்டிருந்தபோதுதான் உறைத்தது. இரண்டு கேமராவில் ஒன்பது மணி நேரம் எடுத்ததை நான்கு நிமிடமாக்கும் வேலை. எதை வெட்டுகிறேன்? காத்திருப்பதை. ஐயர் சாமான் தேடுவதை, மாப்பிள்ளை கொட்டாவி விடுவதை, பந்தியில் இடத்துக்கு நிற்பதை. கல்யாணத்தில் முக்கால்வாசி அதுதான். வீடியோவில் அது இருக்கவே இருக்காது.

ஐமேக்ஸ் வடிவம் 45 நிமிடம். பிரபஞ்சத்தின் வயது 1380 கோடி வருடம். வெட்டாமல், ஒரே சீராக ஓடவிட்டால் எப்படி இருக்கும் என்று கணக்குப் போட்டேன். 45 நிமிடம் என்றால் 2700 விநாடி. ஒரு விநாடிக்கு 51 லட்சம் வருடம். சினிமாவில் விநாடிக்கு 24 ஃப்ரேம், ஆக ஒரு ஃப்ரேமுக்கு 2 லட்சத்துச் சொச்சம் வருடம்.

முதல் 30 நிமிடம் பூமியே கிடையாது. இடைவேளை தாண்டியும் ஹீரோயின் வரவில்லை. 30-ஆவது நிமிடத்தில் பூமி. 34-ஆவது நிமிடம் நெருங்கும்போது அந்த வறட்டிகள். அப்புறம்? வறட்டிதான். பாசி, சளி, கண்ணுக்குத் தெரியாத ஒற்றைச் செல்கள். 37-ஆவது நிமிடத்தில் காற்றில் ஆக்சிஜன் ஏறுகிறது, யாரும் பார்க்க இல்லை. கேம்பிரியன் காலம் தொடங்கி விலங்குகள் கூட்டம் கூட்டமாக வருவது 43 நிமிடம் 14 விநாடியில். அதாவது ஒன்பதரை நிமிடம் பெரும்பாலும் நுண்ணுயிர்களின் ராஜ்யம். கால் முளைக்க ஆரம்பித்த மீன் டிக்டாலிக், 2004-ல் கனடாவின் வடகோடியில் கண்டுபிடித்தார்களே, அது இருந்தது கடைசி 73-ஆவது விநாடி. டைனோசருக்கு மொத்தம் 32 விநாடி கொடுக்கலாம், படம் முடிய 13 விநாடி இருக்கும்போது அதுவும் முடிந்தது. நம் இனம், ஹோமோ சேப்பியன்ஸ், 3 லட்சம் வருடம். ஒன்றரை ஃப்ரேம்கூட முழுசாக வராது. எழுத்து கண்டுபிடித்து 5000 வருடம் என்றால், ஒரு ஃப்ரேமில் நாற்பதில் ஒரு பங்கு.

ஷாட்டில் இல்லை ஏமாற்று. வெட்டுவதில்தான். பாலைப் பிரபஞ்சம் என்று காட்டியது சின்னப் பொய். அந்த ஒன்பதரை நிமிடத்தைச் சில ஷாட்டுகளில் தாண்டிப் போனது பெரிய பொய். மாலிக்கைக் குறை சொல்லவில்லை, எந்த எடிட்டரும் அதைத்தான் செய்வான். நானும் கொட்டாவியை வெட்டுகிறவன்தான்.

பாப்பாவிடம் கணக்கைக் காட்டினேன். "காரை எங்க வரும் மாமா?" என்றாள். பெரம்பலூர் மாவட்டத்துக் காரை. எங்கள் சொந்த ஊருக்குப் போகும் வழியில், மழை அரித்து அரித்துப் பள்ளமும் மேடுமாகச் செம்மண் மடிப்புகள் விழுந்த காடு. ஒரு காலத்தில் கடலாக இருந்த இடம். அந்தக் கடலில் வாழ்ந்த உயிர்களின் கல்லாகிப்போன மிச்சங்கள், தோட்டா மாதிரி கூரான பெலம்னைட்டும், சுருண்ட அம்மோனைட்டும், அங்கே மண்ணிலிருந்து எட்டிப் பார்க்கும். போன வருடம் கூட்டிக்கொண்டு போய்க் காட்டிவிட்டு, எதையும் எடுக்கக் கூடாது என்று அங்கேயே வைக்கச் சொன்னதில் அவளுக்கு இன்னும் கோபம். ஏறக்குறைய 10 கோடி வருடம். கடைசி 20-ஆவது விநாடி.

"அப்ப நாமளே எடுக்கலாமே, வெட்டாம" என்றாள்.

எடுத்தோம். எடுக்க என்ன இருக்கிறது, டைம்லைனில் அடுக்கினோம். முதல் 30 நிமிடம் கறுப்பு. பாப்பா சும்மா இருக்க மாட்டாமல் அங்கங்கே வெள்ளைப் புள்ளி வைத்தாள், நட்சத்திரமாம். நடுவில் நாங்கள் எடுத்த பால் ஒரு 11 விநாடி. அப்புறம் மூன்றரை நிமிடம் காவி. அப்புறம் ஒன்பதரை நிமிடத்துக்குப் பச்சை, எங்கள் வீட்டுத் தண்ணீர்த் தொட்டிச் சுவரில் படிந்த பாசியை நெருக்கத்தில் எடுத்த ஒரே ஷாட், அசையாமல். பிறகு அவள் வரைந்த மீன், காரையில் போனில் எடுத்த அம்மோனைட், வீட்டில் கிடந்த டைனோசர் பொம்மை. கடைசியில் ஒரு ஃப்ரேமில் அம்மா வாசலில் நிற்கும் போட்டோ. ஒன்றரை வைக்க முடியாது என்று சாஃப்ட்வேர் சொல்லிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் டிவியில் போட்டோம். அம்மா வந்து உட்கார்ந்தாள். நான்கு நிமிடம் பொறுத்தாள். "டிவி ரிப்பேரா?" என்றாள். இல்லை என்றதும் முருங்கைக்கீரையைக் கொண்டுவந்து ஆய ஆரம்பித்தாள். பால் வந்தபோது நிமிர்ந்து, "இது என் பாலு" என்றாள். ஆய்ந்து முடித்து, அலசி, அடுப்பில் வைக்கப் போய்விட்டாள். பூமி வந்தபோது அவள் அடுப்படியில் இருந்தாள். பாசி வந்தது. குக்கர் நான்கு விசில் அடித்தது. பாசி இருந்தது. அம்மா எட்டிப் பார்த்து, "தொட்டியைக் கழுவச் சொன்னா போட்டோ எடுத்து வச்சிருக்கான்" என்று சொல்லிவிட்டுப் போனாள். பாப்பா மட்டும் நகராமல் உட்கார்ந்திருந்தாள், டைம்கோடைப் பார்த்துக்கொண்டு. 44 நிமிடம் தாண்டியதும் எழுந்து நின்று கத்தினாள்.

"அம்மாச்சி, ஓடி வாங்க! நாம வரப்போறோம்!"

அடுப்பைக் குறைத்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டே அம்மா வந்தாள். திரை கறுப்பாகி நின்றிருந்தது.

"எங்கடி?"

"வந்துட்டுப் போயிட்டோம்."

"திரும்பப் போடு" என்றாள் என்னிடம். எங்கள் டிவி ரிமோட்டில் ஒரு அழுத்துக்குப் பத்து விநாடி பின்னால் போகும். அழுத்தினேன். அம்மா கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "அந்த டைனோசர் பொம்மை வச்சிருந்தீங்களே, அதைக் காணோம்?"

"அதுக்கு இன்னும் மூணு விநாடி பின்னாடி போகணும்மா" என்றேன்.